ரைட்டருக்கு ஒரு நாற்காலி

நீதி என்ற சொல்லை இன்னும் நாக்கூசாமல் உச்சரிக்கக்கூடியவர்களே, கையில் இருக்கும் வேலையைக் கீழே வைத்துவிட்டு வாருங்கள்! ஓர் அநீதிக்கு நீங்கள் சாட்சியாக வேண்டியிருக்கிறது. தொலைவு அதிகமில்லை. மாவட்டக் காவல் அலுவலகத்தின் இரண்டாம் மாடி. தண்ணீர்க் குழாய்க்கு எதிரே உள்ள அறை. பச்சைத் துணி விரித்த மேசை தெரிகிறதா? மேசைக்கு அந்தப் பக்கம் மூன்று நாற்காலிகள்: விசாரிக்கும் அதிகாரிக்குக் கைவைத்தது, குற்றம் சாட்டும் அதிகாரிக்கு மெத்தை வைத்தது, தட்டச்சருக்குச் சக்கரம் வைத்தது. மேசைக்கு இந்தப் பக்கம் ஒரு முக்காலி. முக்காலிக்குப் பக்கத்தில் என்ன இருக்கிறது? வெறுந்தரை. அந்த வெறுந்தரையை நன்றாகப் பார்த்துக்கொள்ளுங்கள். ஒரு மனிதனின் இருபத்திரண்டு ஆண்டு உழைப்பு அங்கேதான் விழுந்து நொறுங்கியது.

அந்த மனிதர் ஒரு காவல் நிலையத்தின் ரைட்டர். லத்தி பிடித்ததைவிடப் பேனா பிடித்ததே அதிகம். புகார்களை எழுதுவார், கைப்பற்றிய பொருள்களைப் பதிவேட்டில் ஏற்றுவார், இவை எல்லாவற்றையும்விட, ஒப்புதல் வாக்குமூலம் எழுதுவதில் அவரை அடித்துக்கொள்ள அந்த வட்டாரத்தில் ஆளில்லை. பிடிபட்டவன் வாய் திறக்கும்வரை அவர் காத்திருந்ததில்லை, காலம் பொன்னல்லவா? அவன் நாற்றம் பிடித்த சட்டையோடு எதிரே குந்தியிருக்கும்போதே அவர் பேனா ஓடத் தொடங்கிவிடும்: "எவருடைய மிரட்டலுக்கும் ஆசை வார்த்தைக்கும் ஆட்படாமல், தெளிந்த அறிவோடும் நிறைந்த மனதோடும் நான் கூறுவது யாதெனில், சபல புத்தியின் காரணமாக மேற்படிக் குற்றத்தை நானே தனியாகச் செய்தேன். என்னை மன்னிக்க வேண்டுகிறேன்." பிறவி ஊமை ஒருவன்கூட அவர் கையில் அகப்பட்டு, 'கூறுவது யாதெனில்' என்று கணீரெனப் பேசியிருக்கிறான்.

இப்படி ஒழுங்காக ஓடிக்கொண்டிருந்த வாழ்க்கையில் ஒரு கடிகாரம் வந்து சேர்ந்தது.

பல் மருத்துவர் ஒருவரின் வீட்டு முன்கூடத்தில் மாட்டியிருந்த மரக் கடிகாரம் அது. மணிக்கொரு முறை சிறு கதவு திறந்து, மரப்பறவை ஒன்று தலைநீட்டிக் கூவும். பறவைக்கு மூக்கு உடைந்திருந்தது. அதனால் கூவல் விக்கல் போல வரும். அதைத் திருடியவன் பூனை. எந்த வீட்டில் நுழைந்தாலும் அடுப்படியில் பாலைக் குடித்துவிட்டுத்தான் மற்றதைத் தொடுவான் என்பதால் வந்த பெயர். பூனை பிடிபட்டான், கடிகாரம் மீட்கப்பட்டது, 'மூக்குடைந்த பறவையுடன் கூடிய கடிகாரம் ஒன்று' என்று ரைட்டர் பதிவேட்டில் ஏற்றினார்.

இன்ஸ்பெக்டர் வந்து அதைப் பார்த்தார். "ரைட்டர், சும்மாதானே கிடக்கு? என் ரூம்ல ஒரு வாரம் மாட்டி வை. மணி பார்த்துட்டுத் திருப்பித் தந்துடறேன்" என்றார்.

அடுத்த வாரமே மாவட்டக் கண்காணிப்பாளர் நிலையத்தைப் பார்வையிட வந்தார். கடிகாரம் கூவிற்று. "அட, நல்லாயிருக்கே!" என்றார். மேலதிகாரி ஒரு பொருளை 'நல்லாயிருக்கே' என்று சொல்லிவிட்டால், அவர் ஜீப்பில் ஏறுவதற்குள் அது ஏறியிருக்க வேண்டும் என்பது அந்தத் துறையின் எழுதாத மரபு. எழுதிய விதிகளை மீறியவர்கள் அங்கே பலர். எழுதாததை மீறியவர் எவருமில்லை.

ஆறு மாதம் கழித்துப் பல் மருத்துவர் தம் கடிகாரத்தைக் கேட்டு வந்தார். அலமாரியில் இல்லை. பதிவேட்டில் இருந்தது ரைட்டரின் கையெழுத்து மட்டுமே. மூன்றாம் நாள் ரைட்டருக்குக் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தது: பொறுப்பில் இருந்த பொருளைக் களவாடினார், அல்லது களவு போக விட்டார். நிரூபணமானால் பணிநீக்கம். வேலை போனால் காவலர் குடியிருப்பு வீடும் போகும். விசாரணை அதிகாரி: மாவட்டக் கண்காணிப்பாளர்.

"அந்தக் கடிகாரம் பெரிய ஐயா ஆபீஸ்ல கூவுறது ஊருக்கே தெரியும். போய்ச் சொல்றதுக்கு என்ன?" என்றாள் மனைவி.

"யார்கிட்ட சொல்றது? விசாரிக்கப் போறவரே அவர்தானே!"

"அப்ப ஒரு வக்கீலையாவது பாருங்க."

"போலீஸ்காரனுக்கு எதுக்குடி வக்கீலு?" என்று சிரித்தார் ரைட்டர். அவர் மனம் விட்டுச் சிரித்தது அதுவே கடைசி.

மறுநாள் பூனையின் வழக்கு. அரசு சாட்சியாக ரைட்டர் நீதிமன்றம் போனார். அங்கே பூனைக்காகச் சட்ட உதவி மையம் அனுப்பிய இளம் வக்கீலம்மா எழுந்து நின்றார்.

"ரைட்டர் சார், இந்த வாக்குமூலம் இவர் சொல்லச் சொல்ல நீங்க எழுதினதா?"

"ஆமாங்கம்மா."

"நீங்க எழுதின இன்னும் முப்பத்தோரு வாக்குமூலம் என் கையில இருக்கு. முப்பத்தோரு பேருக்கும் சபல புத்தி. ஒருத்தருக்குக்கூடப் பசி, கோபம், பழைய பகை, ஒண்ணுமே கிடையாதா?"

"சபல புத்திதாங்க வழக்கம்."

நீதிமன்றம் சிரித்தது. நடுவர் சிரிப்பைத் துடைத்துக்கொண்டு வாக்குமூலத்தைத் தள்ளினார். அரசு வக்கீல் பூனையைப் பார்த்து ஏதோ கேட்டார். வக்கீலம்மா திரும்பி, "நீங்க இதுக்குப் பதில் சொல்ல வேண்டியதில்லை" என்றார். பூனை வாயை இறுக மூடிக்கொண்டான். பிறகு அவர் தம் தண்ணீர்ப் புட்டியை அவனிடம் நீட்டினார். அவன் குடித்தான்.

கூண்டருகே நின்ற ரைட்டர் அந்தப் புட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார். இருபத்திரண்டு ஆண்டுகள்! எத்தனை அதிகாரிகள், எத்தனை அதட்டல்கள், எத்தனை கேள்விகள்! 'நீ இதற்குப் பதில் சொல்ல வேண்டியதில்லை' என்று ஒருவராவது அவருக்காகச் சொன்னதுண்டா? பால் திருடிய பயலுக்குப் பக்கத்தில் ஒரு துணை. அவனைப் பிடித்தவனுக்குப் பக்கத்தில் வெறுங்காற்று. பூனை விடுதலையானான். அவன் விடுதலைகூட ரைட்டரை உறுத்தவில்லை. அந்தத் தண்ணீர்ப் புட்டிதான் உறுத்திற்று.

வெளியே தாழ்வாரத்தில் பூனை நின்றிருந்தான். "என்ன சார், மூஞ்சி வாடிக் கிடக்கு?"

"உனக்கென்னடா, ராஜா! பேச ஆள் இருக்கு."

விவரம் கேட்டுவிட்டுப் பூனை உண்மையாகவே வருந்தினான். "அடடா! நீங்களும் என்னை மாதிரி நேரா திருடியிருக்கலாமே சார். இப்படி அநாதையா நிக்க வேண்டாமே."

அவனே ரைட்டரை வக்கீலம்மாவிடம் கூட்டிப் போனான். அவர் குறிப்பாணையை இருமுறை படித்தார். "நான் வர்றேன். ஆனா உங்க துறை என்னை உள்ள விடணுமே. மனு போட்டுப் பாருங்க. ஒண்ணு மட்டும் சொல்றேன் சார். அங்க போய் எதையும் எழுதிக் குடுத்துடாதீங்க. ஒரு வரிகூட."

ரைட்டர் மனுப் போட்டார். பதில் வந்தது: "துறை விசாரணை என்பது வழக்கு அன்று, ஆகவே வழக்கறிஞர் தேவையில்லை. துறைத் தரப்பில் சட்டப் பட்டம் பெற்ற அதிகாரி ஒருவர் தோன்றுவதால், சட்டத்தைக் குறித்துத் தாங்கள் கவலையுற வேண்டியதில்லை. எனினும் கருணை அடிப்படையில் உதவியாளர் ஒருவரை வைத்துக்கொள்ளலாம். அவர் இத்துறையில் பணியில் இருப்பவராகவும், சட்டம் பயிலாதவராகவும், இவ்வழக்கைப் பற்றி ஏதும் அறியாதவராகவும் இருத்தல் வேண்டும்."

அப்போதுதான் ரைட்டருக்கு மோப்ப நாயின் நினைவு வந்தது. முந்திய ஆண்டு, பார்வையிட வந்த ஓர் உயரதிகாரியின் கெண்டைக்காலைத் துறையின் மோப்ப நாய் கவ்விவிட்டது. அதன்மீதும் விசாரணை நடந்தது. நாய்க்குப் பேச வராது என்பதால், அதை வளர்த்த காவலர் பக்கத்தில் அமர்ந்து ஒன்றரை மணி நேரம் வாதாடினார். அவருக்கு நாற்காலி போட்டார்கள். கெண்டைக்காலின் நடத்தையில் ஐயப்பாடு இருந்ததாகக் கூறி நாய் விடுவிக்கப்பட்டது. ரைட்டர் இந்த முன்னுதாரணத்தைக் காட்டி, நாய்க்கு நிகராகத் தம்மை நடத்துமாறு பணிந்து விண்ணப்பித்தார்.

"மேற்படிச் சலுகை நான்கு கால் பணியாளர்களுக்கு மட்டுமே உரியது. மனுதாரர் இரண்டு கால்களில் நடப்பதாகப் பணிப்பதிவேட்டில் காணப்படுகிறது. மனு தள்ளுபடி."

கடிதத்தைப் படித்த மனைவி தலையில் அடித்துக்கொண்டாள். "மொதல்ல திருடனைப் பாத்துப் பொறாமைப்பட்டீங்க. இப்ப நாயைப் பாத்து! நல்ல வேளை, நம்ம வீட்டுல ஆடு மாடு இல்லை."

"அதுக்கு நாற்காலி போட்டாங்கடி" என்றார் ரைட்டர்.

உதவியாளராக வர யாரும் துணியவில்லை. ஒருவருக்குப் பதவி உயர்வு நெருங்கியிருந்தது, ஒருவருக்கு முதுகுவலி, ஒருவர் ரைட்டரைக் கண்டதும் கழிவறைக்குள் நுழைந்து தாழிட்டுக்கொண்டார். கடைசியில் காவல் வாத்தியக் குழுவின் முரசு வாசிப்பவர் ஒப்புக்கொண்டார். சட்டம் தெரியாது, வழக்கும் தெரியாது. துறை விதித்த தகுதிகள் அத்தனையும் ஒருங்கே அமையப் பெற்றவர்.

விசாரணை நாள் வந்தது. ரைட்டர் முக்காலியில் அமர்ந்தார். முரசுக்காரர் வெறுந்தரையில் நின்றார். கண்காணிப்பாளர் கைவைத்த நாற்காலியில் சாய்ந்தார். அவர் தலைக்கு மேலே, சுவரில், சிறு கதவு திறந்தது. மூக்குடைந்த பறவை வெளியே வந்து பதினொரு முறை விக்கிற்று.

"மணி பதினொண்ணு. காணாமப்போன கடிகாரத்தைப் பத்தின விசாரணையை ஆரம்பிக்கலாம்" என்றார் கண்காணிப்பாளர்.

ரைட்டர் துள்ளி எழுந்தார். "ஐயா! அதோ, அந்தக் கடிகாரம்..."

சட்டம் படித்த அதிகாரி கையுயர்த்தினார். "குற்றம் சாட்டப்பட்டவர் நேரடியா ஆட்சேபம் சொல்லக் கூடாது. உதவியாளர் மூலமாத்தான் சொல்லணும்."

முரசுக்காரர் தொண்டையைச் செருமினார். "ஐயா, அந்தக் கடிகாரம்..."

"உதவியாளர் சட்டப் பிரச்சினை மட்டும்தான் எழுப்பலாம். இது எந்தச் சட்டப் பிரிவு?"

"எனக்குச் சட்டம் தெரியாதுங்களே."

"அதனாலதானே உங்களை அனுமதிச்சோம். உட்காருங்க."

உட்கார இடமில்லாததால் அவர் நின்றார்.

ரைட்டர் கைகூப்பினார். "ஐயா, அந்தப் பக்கம் சட்டம் படிச்சவர் இருக்கார். எனக்கும் ஒருத்தர் வேணும்ங்கய்யா."

சட்டம் படித்த அதிகாரி புண்பட்டுவிட்டார். "நான் வக்கீல் இல்லையே! நான் சட்டம் தெரிஞ்ச போலீஸ். நீங்க சட்டம் தெரியாத போலீஸ். ரெண்டு பக்கமும் போலீஸ். இதைவிடச் சமத்துவம் வேணுமா?"

கண்காணிப்பாளர் கனிந்து பேசினார்: "பாருப்பா ரைட்டர், நம்ம துறை ஒரு குடும்பம். அப்பன் பிள்ளையை அடிக்கிறப்ப நடுவுல வக்கீல் வருவானா? வெளியாளை உள்ள விட்டா அவன் கேள்வி கேப்பான். கேள்வி கேட்டா நாம பதில் சொல்லணும். பதில் சொல்ல ஆரம்பிச்சா உண்மை அது இதுன்னு எங்கெங்கேயோ இழுத்துக்கிட்டுப் போகும். எனக்கு அதுக்கெல்லாம் நேரமில்லை. தீர்ப்பை நான் போன வாரமே எழுதி வச்சுட்டேன். தேதி மட்டும்தான் போடணும். இருந்தாலும் உன் விளக்கத்தைக் கேக்காம தண்டிச்சா அது அநியாயம். எழுதிக் குடு."

வெள்ளைத்தாள் ஒன்றும் பேனா ஒன்றும் மேசைமேல் நகர்ந்து வந்தன.

வக்கீலம்மா சொன்னது ரைட்டருக்கு நினைவில் இருந்தது. ஆனால் ஆணை ஆணையல்லவா? 'கடிகாரம் தங்கள் தலைக்கு மேலேயே இருக்கிறது' என்று ஒரே வரி எழுதிவிடுவோம் என்று மனம் முடிவு செய்தது. பேனா தாளைத் தொட்டது. ஆனால் கைக்கு ஒரே தடம்தான் தெரியும். பழகிய செக்குமாடு வேறெங்கே போகும்? கை ஓடிற்று. வளைவுகள் வளைந்தன, சுழிகள் சுழிந்தன, ஓர் அடித்தல் இல்லை, ஒரு திருத்தல் இல்லை. கையெழுத்துப் போட்ட பிறகுதான் ரைட்டர் அதைப் படித்தார்.

'எவருடைய மிரட்டலுக்கும் ஆசை வார்த்தைக்கும் ஆட்படாமல், தெளிந்த அறிவோடும் நிறைந்த மனதோடும் நான் கூறுவது யாதெனில், சபல புத்தியின் காரணமாக...'

அவர் கை தாளை நோக்கித் தாவியது. சட்டம் படித்த அதிகாரியின் கை முந்திக்கொண்டது.

கண்காணிப்பாளர் அதைப் படித்தார். அவர் கண்கள் பனித்தன. "எத்தனையோ வாக்குமூலம் பாத்திருக்கேன். இப்படி மனசுலேர்ந்து வந்த ஒண்ணைப் பாத்ததே இல்லை!" என்று தேதியைப் போட்டார். பறவை வெளியே வந்து பன்னிரண்டு முறை விக்கிற்று.

ரைட்டரைப் பணியிலிருந்து நீக்கினார்கள். குடியிருப்பைக் காலி செய்ய முப்பது நாள் கெடு. துறை அத்துடன் நின்றிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். ஆனால் பல் மருத்துவர் விடவில்லை. கடிகாரம் எங்கே என்று கேட்டுக்கொண்டேயிருந்தார். கையில் பொன்னான வாக்குமூலம் இருக்கும்போது துறைக்கு என்ன தயக்கம்? ரைட்டர்மீது திருட்டு வழக்குப் பதிவாயிற்று. அவரோடு பத்தாண்டு ஒன்றாக வேலை பார்த்த காவலர் ஒருவர் தலைகுனிந்தபடி கைது செய்ய வந்தார். கைதாகிறவருக்குப் படித்துக் காட்ட வேண்டிய உரிமை அட்டையைச் சட்டைப் பையிலிருந்து எடுத்துத் தயங்கித் தயங்கிப் படித்தார்.

"உங்களுக்காக வாதாட வக்கீல் வச்சுக்க உங்களுக்கு உரிமை உண்டு."

ரைட்டரின் முகம் மலர்ந்தது. "இன்னொரு தடவை படி, தம்பி."

"அண்ணே, உங்களைக் கைது பண்றேன்."

"அது கிடக்கட்டும். அந்த வரியை மட்டும் இன்னொரு தடவை படி."

வீட்டு வாசலில் நின்ற மனைவி, திருமணத்தன்றுகூடத் தன் கணவன் முகத்தில் அப்படியொரு ஒளியைக் கண்டதில்லை என்று பின்னாளில் சொன்னாள்.

அதே நீதிமன்றம், அதே நடுவர். கூண்டுக்குப் பக்கத்தில் அதே வக்கீலம்மா. அவர் முதல் காரியமாகத் தண்ணீர்ப் புட்டியை நீட்டினார். ரைட்டர் அதை இரு கைகளாலும் வாங்கினார். குடிக்க மறந்து பிடித்துக்கொண்டே நின்றார்.

வக்கீலம்மா வாக்குமூலத்தை உயர்த்திக் காட்டினார். "ஐயா, இதோட முப்பத்து மூணு." நடுவருக்கு அதற்குமேல் விளக்கம் தேவைப்படவில்லை. பிறகு பூனை சாட்சிக் கூண்டில் ஏறினான்.

"அந்தக் கடிகாரம் இப்ப எங்க இருக்கு, தெரியுமா?"

"பெரிய ஐயா ஆபீஸ் சுவத்துல இருக்குங்க. போன மாசம் வேற ஒரு கேசுக்குக் கையெழுத்துப் போடப் போனப்ப பாத்தேன். விக்கலைக் கேட்டதுமே தெரிஞ்சுபோச்சு. எத்தனையோ வீட்டுல எடுத்திருக்கேங்க. நான் எடுத்ததை இத்தனை பேர் வரிசையா எடுத்ததை இப்பத்தான் பாக்கறேன்."

நடுவர் ஆள் அனுப்பினார். கடிகாரம் வந்தது. அன்பளிப்பாகக் கிடைத்தது என்று கண்காணிப்பாளரின் கடிதமும் கூடவே வந்தது. மேசைமேல் வைத்ததும் கதவு திறந்தது. மூக்குடைந்த பறவை நான்கு முறை விக்கிச் சாட்சி சொல்லிற்று. இருபத்திரண்டு ஆண்டு உழைத்தவருக்கு, பக்கத்தில் ஒருவர் நின்றதும் இருபத்திரண்டு நிமிடத்தில் நீதி கிடைத்துவிட்டது.

தாழ்வாரத்தில் ரைட்டர் பூனையின் தோளைத் தொட்டார். "டேய், சபல புத்தின்னு எழுதினேனே... நிஜமா எதுக்குடா அதை எடுத்தே?"

பூனை வியந்து பார்த்தான். யாரும் அவனை அதுவரை கேட்டதில்லை. "பல்வலி சார். அந்த டாக்டர் வீட்டுக் கூடத்துல மூணு மணி நேரம் உக்காந்திருந்தேன். எனக்குப் பின்னாடி வந்தவங்களை எல்லாம் கூப்பிட்டாங்க, என்னைக் கூப்பிடவே இல்லை. அந்தக் குருவி மட்டும்தான் மணிக்கொரு தடவை வந்து எட்டிப் பாத்துச்சு. விட்டுட்டு வர மனசு வரலை."

ரைட்டர் முப்பத்திரண்டு தாள்களை நினைத்தார். முப்பத்திரண்டு பேர். ஒருவரையாவது அவர் கேட்டிருந்தாரா? தண்ணீர்ப் புட்டியை அவர் பூனையிடம் நீட்டினார்.

வேலை திரும்பக் கிடைத்ததா என்கிறீர்களா? துறையின் பதில் இதோ: "நீதிமன்றம் வழக்கறிஞர்களின் வாதத்தைக் கேட்டு முடிவெடுப்பது. துறையோ எவர் வாதத்தையும் கேளாமல் நடுநிலையோடு முடிவெடுப்பது. ஆகவே அந்தத் தீர்ப்பு இந்தத் துறையைக் கட்டுப்படுத்தாது. மேல்முறையீடு செய்யலாம். உதவியாளருக்கான விதிகள் முன்போலவே."

மேல்முறையீட்டு விசாரணை வரும் திங்கட்கிழமை, காலை பத்து மணி. அதே இரண்டாம் மாடி, அதே அறை. கடிகாரம் இருந்த இடத்தில் சுவர் வெளுத்திருக்கிறது. முக்காலி அப்படியே இருக்கிறது. அதற்குப் பக்கத்தில் வெறுந்தரையும் அப்படியே இருக்கிறது.

பெரியோர்களே, தாய்மார்களே! அது ரைட்டரின் துயரம், நமக்கென்ன என்று திரும்பிப் படுத்துவிடாதீர்கள். தனக்காக ஒரு குரல் எழக் கேட்டறியாத காவலன், உங்கள் பிள்ளை அவன் முன் குந்தியிருக்கும் நாளில், அந்தப் பிள்ளையின் குரலைக் கேட்பானா? பேனாவைத்தான் எடுப்பான், 'கூறுவது யாதெனில்' என்றுதான் எழுதுவான். அந்த முக்காலியும் உங்கள் பிள்ளை குந்தும் தரையும் ஒரே கட்டடத்தில்தான் இருக்கின்றன.

ஆகவே திங்கட்கிழமை வாருங்கள். மாலை வேண்டாம், முழக்கம் வேண்டாம், கண்ணீரும் வேண்டாம். ஆளுக்கொரு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வாருங்கள். கால் ஆடினாலும் பரவாயில்லை. பிரம்பு பிய்ந்திருந்தாலும் பரவாயில்லை. முக்காலிக்குப் பக்கத்தில், அந்த வெறுந்தரையில் போடுங்கள். அறை நிறைந்துவிட்டால் தாழ்வாரத்தில் போடுங்கள். கதவைச் சாத்தினால் படிக்கட்டில் போடுங்கள். எடுக்கச் சொன்னால், எந்த விதிப்படி என்று எழுதிக் கேளுங்கள். வக்கீலம்மா கீழே வாசலில் காத்திருப்பார். அவர் படியேறி வந்து, நீங்கள் போட்ட நாற்காலியில் அமரும்வரை ஒருவரும் அந்த இடத்தைவிட்டு அசையாதீர்கள்!